ரெய்னர்ஸ் லேனுக்கு வந்த சாயக்காரன் மனைவி

வெள்ளி, பிற்பகல்

ஹீத்ரோவில் என் பாஸ்போர்ட்டைப் புரட்டிய பெண் அதிகாரி, எதற்காக லண்டன் வந்திருக்கிறாய் என்று கேட்டார். செத்துப்போன ஒரு ஜப்பானியப் பெண்ணுக்காகப் பேச வந்திருக்கிறேன் என்பதுதான் சரியான பதில். அதைச் சொன்னால் அடுத்த விமானத்திலேயே திருப்பி ஏற்றிவிடுவார்களோ என்று பயந்து, "ஒரு பழைய படம் காட்டுகிறார்கள், அதற்காக" என்றேன்.

"நீ நடித்ததா?"

"இல்லை. படத்துக்குப் பக்கத்தில் நின்று பேசுவேன்."

அவர் என்னை ஒருமுறை ஏற இறங்கப் பார்த்துவிட்டு, படம் பார்க்கும்போது பேசுபவர்களை இந்த ஊரில் யாருக்கும் பிடிக்காது என்றார். சிரித்துக்கொண்டே சொன்னதால் மூச்சு வந்தது.

அவரிடம் விளக்க முடியாததை இங்கே விளக்கிவிடுகிறேன். ஜப்பானில் மௌனப்படங்கள் ஓடிய காலத்தில், திரைக்கு ஓரமாக ஓர் ஆள் நின்று கதையைச் சொல்வார். கணவன், மனைவி, மாமியார், பேய் எல்லோருக்கும் அவர் ஒருவரே குரல் கொடுப்பார். அவருக்கு பென்ஷி என்று பெயர். நடிகர்களைப் பார்க்க வந்த கூட்டத்தைவிட பென்ஷியைக் கேட்க வந்த கூட்டம் பெரியது என்பார்கள். அந்தக் காலப் படங்களில் ஒரு வகை, பழிவாங்க வரும் பெண் பேய்களின் கதை. வெள்ளை உடை, அவிழ்ந்த கூந்தல், தொங்கும் கைகள், இடுப்புக்குக் கீழே ஒன்றுமில்லாமல் கரைந்துபோன உருவம். நம் ஊர்ப் பேய்க்குக் கால் தரையில் பாவாது, அவர்கள் பேய்க்குக் காலே கிடையாது. ஒரே பிலிமில் இரண்டு முறை படம் பிடித்து, பின்னால் இருக்கும் கதவு தெரியும்படி பேயை நடக்கவிடுவார்கள். அப்படிப்பட்ட படங்களில் பெரும்பாலானவை நிலநடுக்கத்திலும் போரிலும் எரிந்துபோயின. மிஞ்சியவற்றில் பலவும் துண்டுகள்.

அப்படிப்பட்ட துண்டுகளை லண்டனில் ஒரு சின்னத் திரைப்படக் கழகம் மாதம் ஒன்றாகக் காட்டி வருகிறது. ஒவ்வொரு முறையும் இந்த நகரத்தில் பேசப்படும் ஒரு மொழியில் ஒருவர் நின்று கதை சொல்ல வேண்டும். குஜராத்தியில் ஒருவர் சொல்லியிருக்கிறார், போலிஷில் ஒருவர். அடுத்தது தமிழ். கழகத்தில் தொண்டராக இருக்கும் ஆரணி என்ற பெண், கதை சொல்லிகளைப் பற்றி நான் எழுதியிருந்த ஒரு கட்டுரையை இணையத்தில் படித்துவிட்டு என்னை அழைத்தாள். டிக்கெட் கழகத்துடையது. ஒரே ஒரு காட்சி. கூட்டம் வந்து, வந்த கூட்டம் முகம் சுளிக்காமல் போனால் தமிழில் தொடர்ந்து நடத்துவார்கள். இல்லையென்றால் இதுவே முதலும் கடைசியும்.

சென்னையில் ஒரு கல்லூரியில் மௌனப்படங்களைப் பற்றி ஆய்வு செய்கிறேன். கட்டுரை எழுதுவேனே தவிர, நான் மேடையில் பேசியவன் அல்ல. ஆனால் சத்தம் போட்டுப் படிப்பது எனக்குப் பழக்கம். விருதுநகரில் அப்பா லாரியில் மூட்டை ஏற்றுபவர், அம்மா பருப்பு மில்லில் வேலை. இரண்டு பக்கத்திலும் பள்ளிக்கூடத்துக்குப் போய் முடித்த முதல் ஆள் நான்தான். பஸ் போர்டு, மருந்து அட்டை, டிவியில் படத்துக்கு அடியில் ஓடும் எழுத்து எல்லாவற்றையும் வீட்டில் நான்தான் உரக்கப் படிப்பேன். பென்ஷி என்று ஒரு வேலை இருந்ததைக் கல்லூரியில் முதலில் படித்தபோது, இது நம்ம வேலையாச்சே என்றுதான் தோன்றியது.

கிளம்பும்போது அம்மா கேட்டது வேறு. "பேய்க்குக் குரல் குடுக்கவா இம்புட்டுப் படிச்ச?"

ஹீத்ரோவிலிருந்து பிக்கடில்லி தடத்தில் ஆக்டன் டவுன் வரை வந்து, அங்கே இறங்கி, அதே தடத்தின் இன்னொரு கிளையில் ஏற வேண்டும். எட்டாவது நிறுத்தம் ரெய்னர்ஸ் லேன். நான்கரை மணிதான் இருக்கும், நவம்பர் என்பதால் நன்றாக இருட்டிவிட்டது. தூறல் விழுகிறதா இல்லையா என்று கண்ணாடியில் பட்டபிறகுதான் தெரிந்தது. நிலைய வாசலில் ஆரணியின் அப்பா சிவநேசன் காத்திருந்தார். யாழ்ப்பாணத்தில் பிறந்து, ஜெர்மனியில் பத்து வருடம் இருந்து, பிறகு லண்டன் வந்து மின்வேலை ஒப்பந்தம் எடுத்து நடத்துகிறவர்.

"வணக்கம் சார்" என்றேன்.

"சாரோ? அண்ணை எண்டு கூப்பிடும். சார் எண்டா உம்மை நான் கவுன்சில் அதிகாரி எண்டு நினைச்சு பயந்து போவன்." என் பெட்டியை வாங்கி வேனில் வைத்தார். "அதுசரி, பேய் எங்கை? பெட்டிக்குள்ளையோ?"

சனி

காலையில் சிவநேசன் அண்ணை என்னை வெம்பிளிக்குக் கூட்டிப்போனார். ஈலிங் ரோட்டில் உள்ள கடைகளில் காட்சிக்கான அறிவிப்பை ஒட்ட வேண்டும். புடவைக் கடை, நகைக்கடை, காய்கறிக் கடை என்று வரிசையாகப் போகும் சாலை அது. முருங்கைக்காய் இரண்டு பவுண்டு, ஒரு கட்டு கறிவேப்பிலை ஒரு பவுண்டு. நம் ஊரில் கொசுறாகக் கொடுப்பதை இங்கே நெகிழிப்பையில் போட்டு விலை ஒட்டியிருந்தது.

அறிவிப்பில், கூந்தல் முகத்தை மறைக்க, வெள்ளை உடையில் ஒரு பெண் உருவம். முதல் கடைக்காரர் அதைத் தள்ளிப் பிடித்துப் பார்த்தார்.

"அண்ணை, இதைக் கண்ணாடியில ஒட்டினா என்ரை கடைக்கு ஆர் வருவினம்?"

"வராத ஆக்களுக்குச் சொல்ல ஒரு சாட்டு கிடைக்குமெல்லே. ஒட்டும்."

அந்தக் கடையில்தான் லீலாக்காவைப் பார்த்தேன். அறுபதை ஒட்டிய வயது. சூப்பர் மார்க்கெட் சீருடைக்கு மேலே தடித்த கோட்டு, கையில் ஒரு பொதி மரவள்ளிக்கிழங்கு. அறிவிப்பை வாங்கிப் படித்தார்.

"பேயோ? ஷிப்ட் முடிஞ்சு வரேக்க பஸ் கண்ணாடியில நான் தினமும் பாக்கிறன். காசு குடுக்கத் தேவையில்லை."

"இதுக்கும் காசு இல்லையக்கா. வாங்கோ. தம்பி இந்தியாவில இருந்து இதுக்கெண்டே வந்தவர்" என்றார் சிவநேசன் அண்ணை.

லீலாக்கா என் பக்கம் திரும்பினார். "ஏன் தம்பி, உங்கட ஊரில பேய்க்குப் பஞ்சமோ?"

"இது ஜப்பான் பேய்க்கா" என்றேன்.

"ஓ, வெளியில இருந்து வந்ததோ. அப்ப வரத்தான் வேணும். விசா எடுத்து வந்ததைப் பாக்காமல் விடேலாது."

கடையே சிரித்தது. வெளியே வந்த பிறகு சிவநேசன் அண்ணை சிரிக்கவில்லை. வேனில் ஏறியதும் சொன்னார். லீலாக்காவின் தங்கை போரின் கடைசி மாதங்களில் காணாமல் போனவர். இருக்கிறாரா இல்லையா என்று இன்றுவரை தெரியாது. யார் ஊருக்குப் போனாலும் லீலாக்கா தங்கையின் படம் ஒன்றைக் கொடுத்தனுப்புவார்.

"பகிடியா கதைப்பா. வருவா எண்டு நான் நினைக்கேல்லை. இப்ப வாறன் எண்டிட்டா." ஸ்டியரிங்கை இரண்டு முறை தட்டினார். "மெல்லமாச் செய்யும் தம்பி. மண்டபத்தில அவ மட்டும் இல்லை, கன பேருக்கு இப்பிடி ஒராள் இருக்கு."

அதுவரை எனக்கு இருந்த பயம் ஒன்றுதான், பேச்சு தடுமாறுமோ என்பது. இப்போது அது பெரிதாகத் தெரியவில்லை.

அன்று மாலை சோறும் கணவாய்க்கறியும் சாப்பிட்ட பிறகு நான் எழுதி வைத்திருந்த வசனத்தை அந்த வீட்டில் படித்துக் காட்டினேன். கதை இதுதான். ஒரு சாயக்காரன், பணக்கார வீட்டுப் பெண்ணைக் கட்டிக்கொள்ள ஆசைப்பட்டுத் தன் மனைவியைச் சாயத்தொட்டியில் தள்ளிக் கொன்றுவிடுகிறான். தள்ளும் காட்சி கிடைக்கவில்லை. அவன் இரண்டாம் கல்யாணத்துக்குத் துணி உலர்த்துவதிலிருந்துதான் துண்டு தொடங்குகிறது. கொடியில் தொங்கும் வெள்ளைத் துணிகளில் கருத்த கைத்தடங்கள் விழுகின்றன. அவன் துவைக்கிறான், மறுபடி விழுகின்றன. மழை இரவில் துணிகளுக்கு நடுவே அவள் வந்து நிற்கிறாள். கையெல்லாம் சாயம். வீட்டுக்குள் போகிறாள். தூங்கும் கணவனை நோக்கி ஒரு கை எழும்புகிறது. அத்தோடு பிலிம் அறுந்துவிடுகிறது. பழிவாங்கும் காட்சியும் கிடைக்கவில்லை.

கிடைக்காததை நான் வசனத்தில் முடித்து வைத்திருந்தேன். அவள் அவன் கழுத்தை நெரிக்கிறாள், ஏழு பிறவிக்கும் விடமாட்டேன் என்று முழங்குகிறாள். எனக்குப் பிடித்த இடம் அது. ஏற்ற இறக்கத்தோடு படித்தேன்.

படித்து முடித்ததும் சிவநேசன் அண்ணையின் மனைவி யோகா அக்கா தேத்தண்ணிக் கோப்பையைக் கீழே வைத்தார். "உம்மட பேய்க்கு நல்ல தொண்டை தம்பி" என்றார்.

"பழைய இந்தியாப் படத்துக் கோர்ட்டு சீன் மாதிரி இருக்கு" என்றார் அண்ணை.

ஆரணி, "அப்பா, பீ நைஸ்" என்று அதட்டிவிட்டு என்னிடம், "அண்ணா, இட்ஸ் குட். கொஞ்சம் லவுட், அவ்வளவுதான்" என்றாள்.

பேச்சை மாற்ற, ஜப்பானியர்களின் ஒரு வழக்கத்தைச் சொன்னேன். பேய்க்கதையை மேடையேற்றவோ படமெடுக்கவோ போகும் குழு, முதலில் அந்தப் பெண்ணுக்குரிய கோயிலுக்கோ சமாதிக்கோ போய் அனுமதி கேட்டுக் கும்பிட்டுவிட்டு வரும். கும்பிடாமல் தொடங்கினால் விபத்து நடக்கும் என்று நம்பிக்கை.

யோகா அக்கா நிமிர்ந்து உட்கார்ந்தார். "நாங்கள் என்ன செய்யிறம்?"

"எதுக்கு?"

"அவளுக்கு. கேளாமல் கொள்ளாமல் என்னண்டு தொடங்கிறது?"

"கற்பூரம் கிற்பூரம் எண்டு தொடங்காதையும்" என்றார் அண்ணை. "அந்த மண்டபத்து அலாரம் நான் பொருத்திப் பூட்டினது. ஊதுபத்திக்கே ஊரைக் கூட்டும். தீயணைப்புக்காரர் வந்து நிப்பினம்."

ஞாயிறு, மதியம்

மண்டபம் நிலையத்திலிருந்து நடக்கும் தூரம்தான். சனிக்கிழமைகளில் தமிழ்ப் பள்ளி நடக்கும் இடம். சுவரில் அம்மா, ஆடு, இலை என்று பிள்ளைகள் எழுதிய அட்டைகள். மூன்று மணிக்குக் காட்சி. பன்னிரண்டு மணிக்கெல்லாம் கழகத்தின் படமோட்டி மார்கரெட் தன் காரில் இயந்திரத்தைக் கொண்டுவந்து இறக்கினார். அதிகம் பேசாத ஆங்கிலேயப் பெண்மணி. பிலிமைக் கோத்து, விளக்கை அணைத்து, சும்மா சில நிமிடம் ஓடவிட்டார்.

எனக்கு முதலில் இயந்திரம் பழுது என்றுதான் தோன்றியது. கணவன் துணியைப் பிழிகிறான், பிழிந்துகொண்டே இருக்கிறான். என் மடிக்கணினியில் அவன் சடாரென்று பிழிந்து உதறுவானே! பிறகு மழைக்காட்சி வந்தது. என் கணினியில் அந்த மழை ஆலங்கட்டி மாதிரிச் சடசடவென்று விழும். இங்கே மழை மழையாக விழுந்தது. ஓடுகளில் பட்டு, விளிம்பில் திரண்டு, சொட்டியது.

அப்போதுதான் உறைத்தது. அந்தக் காலத்துக் கேமராவைக் கையால் சுற்றிப் படம் பிடித்தார்கள், நொடிக்குப் பதினாறு படங்கள் போல. இன்றைய வேகம் இருபத்து நான்கு. பழைய படத்தை இன்றைய வேகத்தில் ஓட்டினால் எல்லாரும் குதித்துக் குதித்து ஓடுவார்கள். எனக்கு அனுப்பிய வீடியோவை யாரோ அப்படித்தான் மாற்றியிருக்கிறார்கள். இதைப் பற்றி என் ஆய்வேட்டில் நான்கு பக்கம் எழுதியிருக்கிறேன். எழுதியவன் தன் கணினியில் ஓடும் படத்தின் வேகத்தைப் பார்க்கவில்லை.

"எவ்வளவு நேரம் ஓடும்?" என்று மார்கரெட்டிடம் கேட்டேன்.

"அரைமணி. உன் வசனம்?"

"இருபது நிமிடம்."

அவர் இயந்திரத்தின் பக்கவாட்டில் இருந்த குமிழைக் காட்டினார். வேகத்தைக் கூட்டலாம்.

ஆரணி ஓடிவந்தாள். "அண்ணா, கூட்டிடுவம். நோபடி வில் நோ. மூண்டு மணிக்கு சனம் வந்திடும், நியூ ஸ்கிரிப்ட் எழுத டைம் இல்லை."

இரண்டு வேகத்திலும் ஒரே இடத்தைப் போட்டுக் காட்டச் சொன்னேன். வேகத்தைக் கூட்டியபோது அவள் துணிகளுக்கு நடுவே, தவறிப்போன பஸ்ஸைத் தேடுகிறவள் போலத் தத்தித் தத்தி ஓடினாள். ஆரணியே வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். வேகத்தைக் குறைத்தபோது அவள் நடக்கவே இல்லை. ஒரு துணி காற்றில் விலகியது, அவள் இருந்தாள். சாயம் சொட்டும் கைகளை எங்கே வைப்பது என்று தெரியாமல் முன்னால் தூக்கிப் பிடித்தபடி. கோபக்காரி என்று நினைத்து மாதக்கணக்கில் நான் யாருக்காகக் கத்திப் பழகினேனோ அவளின் முகத்தில் கோபமே இல்லை. தன் வீட்டுக் கதவை, உள்ளே போகலாமா என்பதுபோலப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"குமிழைத் தொட வேண்டாம்" என்றேன்.

"அப்ப அந்த டென் மினிட்ஸ்?"

"இழுத்து இழுத்துப் பேசுறேன்."

இரண்டரை மணிக்கு யோகா அக்கா பற்றிஸ் என்ற பொரித்த பலகாரமும் தேத்தண்ணிப் பிளாஸ்க்கும் கொண்டுவந்தார். கூடவே ஒரு பை. திரைக்கு இடப்பக்கம் நான் நிற்கப்போகும் இடத்தில் ஒரு சின்ன மேசையைப் போட்டு, அதன்மேல் பேட்டரியில் எரியும் விளக்கு ஒன்றை வைத்தார். ஒரு தட்டில் வெற்றிலை, பக்கத்தில் ஒரு கண்ணாடிக் குவளை நிறையத் தண்ணீர். கண்ணை மூடி நின்று ஏதோ சொன்னார்.

"என்ன கேட்டீங்கக்கா?"

"உன்ரை கதையைச் சொல்லப்போறம், பிழை விட்டா மன்னிச்சுக்கொள் எண்டன். தண்ணியை நீர் தொடாதையும், அது அவளுக்கு."

ஞாயிறு, மூன்று மணி

நாற்பது பேர் வந்தால் பெரிது என்று ஆரணி சொல்லியிருந்தாள். கடைசியில் பின் சுவரோரம் ஆட்கள் நின்றார்கள். இரண்டாம் வரிசையில், கோட்டைக் கழற்றாமல், கைப்பையை மடியில் வைத்து லீலாக்கா. ஷிப்டிலிருந்து நேராக வந்திருந்தார், கழுத்தில் பெயர் அட்டை அப்படியே தொங்கியது.

விளக்கு அணைந்தது. இயந்திரத்தின் தகடு டிக்டிக்கென்று ஓடத் தொடங்கியது. நான் வாயைத் திறந்தேன்.

இழுத்துப் பேசுவதாக நினைத்தவன், பயத்தில் எப்போதையும்விட வேகமாகப் பேசினேன். சாயக்காரன் துணியை ஒருமுறை பிழிவதற்குள் அவன் பரம்பரைக் கதையையே சொல்லி முடித்துவிட்டேன். முதல் கைத்தடம் விழுந்தபோது சபையில் 'ஹா' என்று ஒரு சத்தம். அது நன்றாக இருந்தது. அவன் துவைக்கத் துவைக்கக் கறை திரும்பி வந்தபோது யாரோ ஒரு பெண், இங்கத்திய கறைநீக்கிப் பொடியின் பெயரைச் சொல்லி, "வனிஷ் போட்டாலும் போகாது" என்றார், எல்லாரும் சிரித்தார்கள். அதுவும் நன்றாகத்தான் இருந்தது. பேயாக நடித்தவர் ஆண், அந்தக் கால ஜப்பானில் பெண் வேடமும் ஆண்களே கட்டினார்கள் என்று நான் சொன்னதும், "எங்கட கூத்தில இல்லாததோ" என்று பின்வரிசையில் ஒரு குரல் கேட்டது. ஆனால் மழை தொடங்கி, துணி விலகி, அவள் வந்து நின்றபோது என்னிடம் சொல்ல ஒன்றே ஒன்றுதான் மிச்சமிருந்தது, அந்த ஏழு பிறவிச் சாபம்.

திரையில் அவள் கைகளைத் தூக்கிப் பிடித்தபடி கதவைப் பார்த்து நின்றாள். இரண்டாம் வரிசையில் லீலாக்காவின் முகத்தில் திரை வெளிச்சம் விழுந்து கொண்டிருந்தது. அந்த முகத்துக்கு முன்னால் சாபத்தை எடுக்க எனக்கு நாக்கு எழவில்லை. வாயில் ஈரமே இல்லை. கைக்கெட்டும் தூரத்தில் குவளை நிறையத் தண்ணீர், அது என்னுடையதல்ல. இயந்திரத்தின் சத்தம் மட்டும். மழை, மழை, மழை. ஆரணி கதவோரத்தில் கன்னத்தில் கையை வைத்துக்கொண்டு நிற்பது தெரிந்தது. முடிந்தது, இதுதான் முதலும் கடைசியும் என்று நினைத்தேன்.

"அவள் ஏன் தம்பி மழையில நிக்கிறாள்?"

லீலாக்கா. வீட்டில் பேசும் அதே குரலில் கேட்டார்.

நான் திரையைப் பார்த்தேன். எழுதி வைத்தது எதுவும் நினைவில் இல்லை. "உள்ள வரலாமான்னு யோசிக்கிறாக்கா" என்றேன். மேடைத் தமிழ் போய், விருதுநகர் வந்துவிட்டது.

"அவளின்ரை வீடுதானே? வரச் சொல்லும். கதவு திறந்துதான் கிடக்கு."

"வா பிள்ளை, நனையாதை" என்றார் இன்னொரு பெண்.

சரியாக அப்போது அவள் நகர்ந்தாள். கதவுச் சட்டம் அவள் உடம்பினூடே தெரிய, உள்ளே வந்தாள். சபையில் ஒரு பெருமூச்சு. எனக்கும் மூச்சு திரும்பியது. "பாயைப் பாக்குறா. அவ முடைஞ்ச பாய்" என்றேன். "அடுப்பைப் பாக்குறா. அடுப்பு அணைஞ்சு கிடக்கு."

"ஆம்பிளை தனிய இருந்தா அடுப்பு அணைஞ்சுதான் கிடக்கும்" என்று ஒரு குரல். சிரிப்பு.

தூங்கும் கணவன் தெரிந்ததும், "கழுத்தைப் பிடி!" என்று பின்னாலிருந்து சத்தம் வந்தது. சிவநேசன் அண்ணை. மெல்லமாகச் செய்யச் சொன்ன அதே மனிதர்.

"நீங்கள் சும்மா இருங்கோ" என்று யோகா அக்கா அதட்டினார். "அவளுக்குத் தெரியும்."

கை எழும்பத் தொடங்கியது. கருத்த கை, விரல்களிலிருந்து சாயம் சொட்டச் சொட்ட, மிக மெதுவாக. இதற்குப் பிறகு பிலிம் இல்லை என்பது அந்த மண்டபத்தில் எனக்கும் மார்கரெட்டுக்கும் ஆரணிக்கும் மட்டும்தான் தெரியும். என்ன சொல்வது என்று தெரியாமல் லீலாக்காவைப் பார்த்தேன்.

அவர் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை. "வேண்டாம் பிள்ளை" என்றார். "அந்த நாயைத் தொடாதை. உனக்கு இருக்கிற அழுக்குக் காணும், இனியும் வேண்டாம்." குரல் சற்று இறங்கியது. "கையைக் கழுவிப்போட்டு வந்து இரு. சாப்பிடுவம்."

ஒருவரும் சிரிக்கவில்லை. திரையில் அந்தக் கை பாதியில் நின்றது. நடிகர் அதை ஏன் அங்கே நிறுத்தினாரோ, அடுத்த காட்சியில் என்ன செய்தாரோ, யாருக்கும் இனித் தெரியப்போவதில்லை. நான் அவளுக்காகப் பேசினேன்.

"சரிக்கா. கழுவிட்டு வர்றேன்."

பிலிம் ஓடி முடிந்து திரை வெள்ளையானது.

கைத்தட்டல் உடனே வரவில்லை. முதலில் நாற்காலிகள் கிரீச்சிடும் சத்தம், மூக்குறிஞ்சும் சத்தம், பிறகு ஒரே நேரத்தில் எல்லாரும் பேசும் சத்தம். அதற்கப்புறம்தான் தட்டினார்கள். விளக்கு வந்தபோது என் சட்டை முதுகோடு ஒட்டியிருந்தது. லீலாக்கா எழுந்து நேராக என்னிடம் வந்தார். கண் சிவந்திருந்தது, ஆனால் கடையில் பார்த்த அதே முகம்தான். மேசைமேல் இருந்த குவளையை எடுத்து நீட்டினார்.

"குடியும். தொண்டை வறண்டு நிக்கிறீர்."

"இது அவங்களுக்கு வச்சதுக்கா."

"அவள் கை கழுவப் போயிட்டாள். குடியும்."

யோகா அக்காவைப் பார்த்தேன். அவர் தலையை ஆட்டினார். ஒரே மூச்சில் குடித்தேன். அவ்வளவு நல்ல தண்ணீரை நான் குடித்ததில்லை.

மண்டபம் காலியாகி மார்கரெட் பிலிமைச் சுற்றிக்கொண்டிருந்தபோது, தனக்கு ஒரு வார்த்தையும் புரியவில்லை என்றார். ஆனால் மற்ற காட்சிகளில் கதை சொன்னவர்தான் பேசினார், இங்கே எல்லாரும் பேசினார்களே, அது ஏன் என்று கேட்டார். என் வசனம் தீர்ந்துபோனது என்றேன். அடுத்த முறையும் குறைவாகவே எழுதி வா என்றார். அவர் 'அடுத்த முறை' என்று சொன்னதை ஆரணியும் கேட்டாள். பற்றிஸ் தட்டோடு துள்ளினாள்.

திங்கள்

கல்லூரிக்குத் திரும்ப வேண்டியதால் மறுநாளே விமானம். வேனில் ஹீத்ரோவுக்குப் போகும் வழியில் சிவநேசன் அண்ணை ஒரு பொதியைக் கொடுத்தார். லீலாக்கா காலையில் வேலைக்குப் போகும் வழியில் வீட்டில் கொடுத்துவிட்டுப் போனாராம். உள்ளே மரவள்ளிக்கிழங்குப் பொரியல். தங்கையின் படமும் இருக்குமோ என்று ஓரத்தில் பார்த்தேன். இல்லை.

"தேடினீரோ? நானும் கேட்டனான்" என்றார் அண்ணை. "'சென்னையில என்ரை தங்கச்சி என்ன செய்யப்போறாள், பெடியனைச் சாப்பிடச் சொல்லும்' எண்டவ லீலாக்கா."

போகும்போது அதே தூறல், அதே சாம்பல் வானம். வந்த அன்று ஏதோ கனமாகத் தெரிந்த நகரம், இப்போது மழையில் நனைந்து நிற்கும் சாதாரண ஊராகத் தெரிந்தது. நம் ஊரில் பேயை ஓட்டுவதற்கு உடுக்கை அடிப்பார்கள், வேப்பிலையால் அடிப்பார்கள், போகிறேன் என்று சத்தியம் வாங்குவார்கள். ஜப்பானில் கும்பிட்டு அனுமதி கேட்கிறார்கள். ரெய்னர்ஸ் லேனில் உள்ளே வரச் சொல்லிச் சாப்பிடக் கூப்பிட்டார்கள். மூன்றில் எது சரி என்று ஆய்வேட்டில் எழுத என்னால் முடியாது. எதில் நான் நிம்மதியாக மூச்சு விட்டேன் என்பது எனக்குத் தெரியும்.

விமானம் ஏறும் வரிசையில் நின்றபோது அம்மா போன் செய்தாள்.

"என்னடா, நல்லாப் பேசுனியா?"

"பாதிதாம்மா பேசுனேன். மிச்சத்தை அவங்களே பேசிட்டாங்க."

"அது கெடக்கட்டும். அந்தப் புள்ளைக்குக் கடைசியில என்னாச்சு?"

"கை கழுவப் போயிருக்கும்மா."



"சரி" என்றாள் அம்மா. "வந்து சாப்பிடட்டும்."